செங்கல்பட்டுக்குப் போன புகார்

அன்புள்ள சேகர்,

உன் கடிதம் வந்து சேர்ந்தது. நலம் விசாரித்திருக்கிறாய், சந்தோஷம். முழுக் கடிதத்திலும் 'அப்பா' என்ற சொல் ஆரம்பத்தில் ஓரிடத்தில் இருக்கிறது, முடிவில் ஓரிடத்தில் இருக்கிறது. நடுவில் எங்கே பார்த்தாலும் 'மாமா'தான். மாமா சொன்னார், மாமா பார்த்துக்கொள்வார், மாமாவே கல்யாண மண்டபத்துக்காரரிடம் பேசி முடித்துவிட்டார். கடைசியில் போகிற போக்கில் ஒரு கேள்வி. பெங்களூர் வேலையை விட்டுவிட்டு சென்னைக்கே வருகிறாய், கல்யாணத்துக்குப் பிறகு நீயும் கலாவும் மாமா கட்டியிருக்கும் மாடியிலேயே குடியிருக்கலாமா, நான் என்ன சொல்கிறேன் என்று. மாடி கட்டியது எனக்குத் தெரியாதா? நம் வீட்டுச் சமையலறை ஜன்னலைத் திறந்தால் மூஞ்சிக்கு நேரே அதுதான் நிற்கிறது. அதனால் உன் அம்மா வளர்க்கிற கறிவேப்பிலைச் செடிக்குக் காலை வெயில் போயிற்று. நான் யாரிடமும் சொல்லவில்லை, உன்னிடம் சொல்கிறேன்.

உன் கேள்விக்குப் பதில் சொல்லத்தான் உட்கார்ந்தேன். ஆனால் பதிலுக்கு முன்னால் கொஞ்சம் பேச வேண்டியிருக்கிறது. பொறுமையாகப் படி. நீ இந்தப் பெண்ணைத்தான் கட்டிக்கொள்வேன் என்று சொன்னபோது உன் அம்மா சாதியைச் சொல்லி மாதக்கணக்கில் அழுதாள். நான் ஒரு வார்த்தை பேசவில்லை. 'உங்க வீட்டுக்காரருக்கு எவ்வளவு பரந்த மனசு' என்று உன் சித்தி இன்றைக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறாள். பரந்த மனசும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. கலா தங்கமான பெண், அவள் யார் வீட்டுப் பெண்ணாக இருந்தாலும் இரண்டு கையாலும் ஆசீர்வாதம் பண்ணியிருப்பேன். அவள் அப்பா, உன் 'மாமா', நம் பக்கத்து வீட்டு ஏகாம்பரமாக இருக்கிறாரே, அதுதான் என் வயிற்றெரிச்சல். எனக்கு அந்த மனிதர்மேல் பொறாமை. அன்றைக்கும் பொறாமை, இன்றைக்கும் பொறாமை. வயதானால் இதெல்லாம் அடங்கிவிடும் என்று சொல்வார்கள். நம்பாதே, அடங்காது.

நான் திருவல்லிக்கேணியில் பிறந்து வளர்ந்தவன். சேலையூரில் மனை வாங்கியபோது என் அண்ணன்மார்கள், 'என்னடா, மெட்ராஸை விட்டுட்டு செங்கல்பட்டுப் பக்கம் போயிட்டியா' என்று கேலி பண்ணினார்கள். அது எனக்கு முள்ளாகக் குத்தியது. அதனால்தான் எங்கே முகவரி எழுதினாலும் சேலையூர் என்று சின்னதாக எழுதி, அதன்கீழே மெட்ராஸ்-73 என்று கொட்டை எழுத்தில் எழுதுவேன். ஏகாம்பரத்துக்கு அந்தக் கவலையே கிடையாது. அவர் இந்த மண்ணிலேயே பிறந்தவர். நம் காலனி நிற்கிற இடமெல்லாம் அவர் அப்பா வேர்க்கடலை போட்ட நிலம். நாங்கள் மாதச் சம்பளக்காரர்கள் ஆளுக்கொரு மனை வாங்கி வீடு கட்ட, அந்த வீடுகளுக்குச் செங்கல், மணல், ஜல்லி விற்று அவர் பெரிய ஆளானார். எதிரே பார்த்தால், 'இன்னா சார், நம்ம நெலத்துல தூக்கம்லாம் நல்லா வருதா?' என்பார். சிரித்துக்கொண்டுதான் சொல்வார். நானும் சிரித்துவிட்டு வீட்டுக்குள் வந்து உன் அம்மாவிடம் எரிந்து விழுவேன்.

நீ கல்லூரியில் சேர்ந்த வருஷம், ஆயுத பூஜைக்கு முன்னால், அவர் வீட்டு வாசலில் மூன்று சக்கர வண்டியிலிருந்து ஒரு சிவப்பு ஃப்ரிட்ஜை இறக்கினார்கள். தெருவே நின்று பார்த்தது. நீயும்தான் ஒரு கை பிடித்தாய். நான் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். நமக்கு ஃப்ரிட்ஜ் வாங்குகிற யோசனையே அதுவரை கிடையாது. அடுத்த வாரம் நான் ஆபீஸில் கடன் போட்டு, தாம்பரம் மார்க்கெட்டில் அதே கடைக்குப் போய், அதே சிவப்பில், அதே அளவில் ஒன்று வாங்கி வந்தேன். கடைக்காரர் வேறு கம்பெனி ஒன்றைக் காட்டி, 'சார், இது இன்னும் நல்லா உழைக்கும்' என்றுகூடச் சொன்னார். நான் கேட்கவில்லை. ஏகாம்பரம் வீட்டில் இருப்பதுதான் வேண்டும் என்றேன். பக்கத்து வீட்டைப் பார்த்துப் பொருள் வாங்கினால் அவன் வீட்டுத் தலைவலியையும் சேர்த்துத்தான் வாங்க வேண்டியிருக்கும். இதை உன் கல்யாண வாழ்க்கைக்கான முதல் புத்திமதியாக வைத்துக்கொள்.

அடுத்த கோடையில் முதலில் அவர் வீட்டு ஃப்ரிட்ஜ் நின்றது. எனக்கு உள்ளுக்குள் குளுகுளு என்று இருந்தது, பொய் சொல்வானேன். அந்தக் குளிர்ச்சி ரொம்ப நாள் நீடிக்கவில்லை. நம்முடையதும் நின்றது. உள்ளே ஐஸ் எல்லாம் உருகி, சமையலறை முழுக்கத் தண்ணீர். கடைக்காரர் மெக்கானிக்கை அனுப்பினார். அவன் பின்னால் தட்டிப் பார்த்துவிட்டு, 'உங்க ஏரியாவுல வோல்டேஜ் சரியில்ல சார், கம்ப்ரஸர் போச்சு' என்று சொல்லிவிட்டு காபி குடித்துவிட்டுப் போனான். கேரண்டியில் மாற்றித் தரமாட்டேன் என்று கடை கைவிரித்துவிட்டது. அன்று சாயங்காலம் ஏகாம்பரம் நம் கேட்டில் சாய்ந்துகொண்டு கூப்பிட்டார்.

"சார், செங்கல்பட்டுல கன்ஸ்யூமர் கோர்ட்டு வந்துகீதாமே. என் மச்சினன் அங்கதான் வக்கீலா கீறான். வாங்க, ரெண்டு பேரும் சேந்து போட்டுடலாம்."

"நீங்க போடுங்க," என்றேன். "நான் மெட்ராஸ்லயே பாத்துக்கறேன்."

"கடை தாம்பரத்துல கீது, நாம சேலையூர்ல கீறோம். மெட்ராஸ்ல இன்னாத்துக்கு சார்?"

"நம்ம அட்ரஸே மெட்ராஸ்தானே சார்," என்று சொல்லிவிட்டு உள்ளே வந்துவிட்டேன். நீ கூடத்தில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தாய். உனக்கு ஞாபகம் இருக்கலாம்.

என் புகாரை நானே எழுதினேன். வக்கீல் வேண்டாம், வெள்ளைத் தாளில் எழுதிக் கொடுத்தாலே போதும் என்று பேப்பரில் படித்திருந்தேன். ஆபீஸ் டைப்ரைட்டரில் சாப்பாட்டு நேரத்தில் உட்கார்ந்து அடித்தேன். அப்பழுக்கில்லாத இங்கிலீஷ். அதைப் படித்துவிட்டு எங்கள் ஆபீஸ் சூப்பரின்டெண்டே தலையை ஆட்டினார். பட்டணத்தில் இருந்த நுகர்வோர் மன்றத்தில் கொண்டுபோய்க் கொடுத்தேன். வாங்கிக்கொண்டு நம்பர் போட்டார்கள், கடைக்கு நோட்டீஸ் அனுப்பினார்கள். நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிந்தேன். ஏகாம்பரம் செங்கல்பட்டு என்ன, உத்தரமேரூர் என்ன, எங்கே வேண்டுமானாலும் போகட்டும், நான் பட்டணத்தில் ஜெயிக்கிறேன் பார் என்று உன் அம்மாவிடம் சொன்னேன். அவள் மாவு புளித்துப் பொங்கிப்போன கவலையில் இருந்தாள்.

பட்டணத்தில் வாய்தா மேல் வாய்தா. செங்கல்பட்டில் கூட்டம் குறைவோ என்னவோ, ஏகாம்பரத்துக்குச் சீக்கிரமே உத்தரவு வந்துவிட்டது. கடைக்காரர் மறுபேச்சு இல்லாமல் அவருக்கு வேறு ஃப்ரிட்ஜ் கொண்டுவந்து இறக்கினார். மறுபடியும் தெரு நின்று பார்த்தது, மறுபடியும் நீ ஒரு கை பிடித்தாய். அடுத்த நாள் உன் அம்மா என்னைக் கேட்காமல் இட்லி மாவை அவர் வீட்டு ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டு வந்தாள். எந்தத் தூக்கில் தெரியுமா? புதுமனை புகுவிழாவுக்கு என் அண்ணன்மார்கள் வாங்கிக் கொடுத்தது, என் பெயர் வெட்டிய எவர்சில்வர் தூக்கு. யோசித்துப் பார். என் பெயரைத் தாங்கிக்கொண்டு அது அந்த மனிதர் ஃப்ரிட்ஜில் உட்கார்ந்திருக்கிறது. அவர் தண்ணீர் எடுக்கக் கதவைத் திறக்கும்போதெல்லாம் என் பெயர் அவரைப் பார்த்துப் பல்லிளிக்கிறது. வைப்பதுதான் வைக்கிறாய், பெயர் இருக்கிற பக்கத்தை உள்ளே திருப்பியாவது வை என்று உன் அம்மாவிடம் கெஞ்சினேன். அவள் சிரித்த சிரிப்பில் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

காலையில் தூக்கை எடுத்துவரப் போவது நீ. போனால் சட்டென்று வரமாட்டாய். மாமா சில்லென்று மோர் கொடுத்தார் என்பாய், மாமாவுடன் கிரிக்கெட் பார்த்தேன் என்பாய். கலாதான் கதவு திறந்தாள் என்று ஒரு நாளும் சொன்னதில்லை. எனக்கு மாமா மட்டும்தான் தெரிந்தார். என் பிள்ளை என்னிடம் உட்கார்ந்து பேசாத நேரத்தையெல்லாம் அந்த வீட்டில் கொண்டுபோய்க் கொட்டுகிறானே என்று நான் வெந்துகொண்டிருந்தேன்.

பட்டணத்து மன்றத்தில் கடைசியாக ஒரு நாள் என்னைக் கூப்பிட்டார்கள். கடைக்கு ஒரு வக்கீல் வந்திருந்தார். அவர் ஃப்ரிட்ஜைப் பற்றிப் பேசவே இல்லை. இந்தப் புகாரை இங்கே விசாரிக்கவே முடியாது என்றார். நடுவில் உட்கார்ந்திருந்த தலைவர் என்னைப் பார்த்து நிதானமாகக் கேட்டார்.

"உங்க வீடு எங்க இருக்கு?"

"சேலையூர் சார். மெட்ராஸ் எழுபத்து மூணு."

"கடை?"

"தாம்பரம். மெட்ராஸ் நாப்பத்தஞ்சு."

"ரெண்டுமே செங்கல்பட்டு மாவட்டமாச்சே. முன்னாடியே நாங்க பாத்திருக்கணும். இங்க எப்படி நடத்தறது?"

"பின்கோடு மெட்ராஸ்தானே சார்?"

"அது தபால்காரருக்கு. எங்களுக்கு இல்ல," என்றார். பக்கத்தில் இருந்த பெண் உறுப்பினர் சிரிப்பை அடக்கிக்கொண்டு குனிந்துகொண்டார். தலைவர் நல்ல மனிதர். நான் அப்படியே நிற்பதைப் பார்த்துவிட்டு, "தள்ளுபடி பண்ணலை சார். திருப்பித்தான் தர்றோம். இதே புகாரைக் கொண்டுபோய் செங்கல்பட்டு மன்றத்துல போடுங்க. சீக்கிரம் போடுங்க, காலம் கடத்தாதீங்க. உங்க குறை அப்படியேதான் இருக்கு, அதைச் சொல்ற இடம்தான் வேற," என்றார்.

இப்போது நினைத்தால் அது எவ்வளவு நல்ல வார்த்தை என்று தெரிகிறது. கல்யாணம் ஆகப் போகிறவன் நீ, அதனால் உனக்குச் சொல்கிறேன். வீட்டுக்கு வீடு வாசப்படி, குறை இல்லாத குடும்பம் கிடையாது. ஆனால் அதைச் சொல்ல வேண்டிய இடத்தில் சொல்ல வேண்டும். கலாமேல் வருத்தம் என்றால் கலாவிடம் சொல். அவள் அப்பாவிடம் கொண்டுபோகாதே, என்னிடமும் கொண்டுவராதே. நாங்கள் இரண்டு பேரும் விசாரிக்க உரிமை இல்லாத ஆட்கள். உன் அம்மாமேல் இருந்த கோபத்தை நான் ஆபீஸில் காட்டியிருக்கிறேன், ஆபீஸ் கோபத்தை உன்மேல் காட்டியிருக்கிறேன். எங்கும் தீர்வு கிடைத்ததில்லை.

அன்றைக்கு எனக்கு இந்த ஞானமெல்லாம் வரவில்லை. செங்கல்பட்டு என்ற ஒரு சொல்தான் காதில் விழுந்தது. ஏகாம்பரம் ஜெயித்த இடம். அவர் மச்சினன் கருப்புக் கோட்டோடு நடமாடுகிற இடம். அங்கே போய் நான் நின்றால், 'அப்பவே சொன்னேனே சார்' என்று கேட்டில் சாய்ந்துகொண்டு சொல்வார். முத்திரை குத்தித் திருப்பிக் கொடுத்த தாள்களைக் கொண்டுவந்து பீரோமேல் போட்டேன். ஃப்ரிட்ஜே வேண்டாம், அதில் துணி மடித்து வைத்துக்கொள் என்று உன் அம்மாவிடம் கத்தினேன். அவள் பதிலுக்குக் கத்தவில்லை. "நம்ம மனைப் பத்திரத்துலயே செங்கல்பட்டு மாவட்டம்னுதானே போட்டிருக்கு. கையெழுத்துப் போட்டது நீங்கதானே," என்று மட்டும் சொன்னாள்.

பீரோமேல் அந்தத் தாள்கள் மாதக்கணக்கில் கிடந்தன. ஒரு காலை நான் சவரம் பண்ணிக்கொண்டிருக்கும்போது நீ வந்து ஒரு தாளை நீட்டினாய். "அப்பா, இதுல ஒரு கையெழுத்து" என்றாய். கல்லூரி விண்ணப்பம் மாதிரி மடித்து, கையெழுத்துப் போடுகிற இடம் மட்டும் தெரிகிற மாதிரி பிடித்திருந்தாய். நான் படிக்காமல் போட்டேன் என்று இத்தனை வருஷமும் நினைத்துக்கொண்டிருக்கிறாய். நீ மடித்து மறைத்த மறுபாதி எனக்கு முன்னால் இருந்த கண்ணாடியில் நன்றாகத் தெரிந்தது, எழுத்து இடம் வலம் மாறியிருந்தாலும் படித்துவிட்டேன். என் சார்பில் புகாரைச் செங்கல்பட்டில் தாக்கல் செய்ய உனக்கு நான் கொடுக்கும் அதிகாரக் கடிதம் அது. தெரிந்துதான் போட்டேன். நானாகப் போகமாட்டேன், என் பிள்ளை கொண்டுபோனால் போகட்டும் என்றுதான் போட்டேன். அன்று முழுக்க ஆபீஸில் எனக்கு ஒரே பெருமை. நீ தனியாக ரயிலேறி வண்டலூர், கூடுவாஞ்சேரி எல்லாம் தாண்டி என் வேலையாகப் போகிறாய் என்று நினைத்துக்கொண்டேன்.

சாயங்காலம் வந்து பார்த்தால் ஏகாம்பரத்தின் புல்லட்டிலிருந்து இறங்குகிறாய். தலையெல்லாம் புழுதி, முகமெல்லாம் சிரிப்பு. உன் அம்மாவிடம் கதை கதையாகச் சொன்னாய். மாமா எழுபதில் ஓட்டினார், செங்கல்பட்டில் ஏரி ஓரத்தில் ஒரு கடையில் மாமா இட்லி வடகறி வாங்கிக் கொடுத்தார், மன்றத்தில் எல்லோருக்கும் மாமாவைத் தெரிந்திருக்கிறது. நான் கூடத்தில் பேப்பரை விரித்துக்கொண்டு ஒரு வரிகூடப் படிக்காமல் கேட்டுக்கொண்டிருந்தேன். என்னிடம் இருந்தது ஒரு பழைய மொபெட். உன்னை உட்கார வைத்தால் மேடு ஏறாது. உன்னை நான் எங்கே கூட்டிக்கொண்டு போனேன்? ரேஷன் கடைக்கும் பல் டாக்டரிடமும். என் புகார், என் இங்கிலீஷ், என் பிள்ளை, எல்லாம் அவர் வண்டியில் ஏறிப் போய்வந்துவிட்டது. அன்று எனக்கு அழுகை வந்தது, சேகர். பேப்பர் இருந்ததால் தப்பித்தேன்.

விசாரணைக்கு நான்தான் போனேன். தினமும் பீச் போகிற வண்டிக்கு நிற்கிறவன், அன்று தாம்பரத்தில் எதிர்ப்பக்கத்து பிளாட்பாரத்தில் நின்றேன். தெரிந்தவர்கள், 'என்ன சார் இந்தப் பக்கம்?' என்றார்கள். லீவு என்றேன். மன்றத்துக்குள் நுழைந்தால் முன்வரிசையில் வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, விபூதி. ஏகாம்பரம். எனக்கு முன்னாலேயே வந்து உட்கார்ந்திருக்கிறார். எனக்குச் சாட்சி சொல்ல நீ கூப்பிட்டிருக்கிறாய். என்னிடம் சொல்லவில்லை.

கடைக்கு அதே வக்கீல். இந்தத் தடவை இடத்தைப் பற்றிப் பேச வழியில்லாததால் வோல்டேஜைப் பிடித்துக்கொண்டார். அந்தப் பகுதியில் மின்சாரம் ஏறி இறங்குகிறது, ஸ்டெபிலைசர் இல்லாமல் ஓட்டியிருக்கிறார், கம்பெனி எப்படிப் பொறுப்பாகும் என்றார். நான் என் இங்கிலீஷைத் தேடினேன். தொண்டை வரை வந்தது, வெளியே வரவில்லை. ஏகாம்பரம் எழுந்து கைகூப்பினார்.

"ஐயா, எனக்கும் இதே கடை, இதே பொட்டி. கெட்டுப்போச்சி, இங்கதான் கேஸ் போட்டேன், நீங்கதான் மாத்திக் குடுக்கச் சொன்னீங்க. எங்க வூடும் சார் வூடும் ஒரே தெரு. ஒரே கம்பத்துலேர்ந்துதான் ரெண்டு வூட்டுக்கும் கரண்டு வருது. எங்க வூட்லயும் ஸ்டெபிலைசர் கெடையாது. மாத்திக் குடுத்த பொட்டி இன்னி வரைக்கும் ஜம்முனு ஓடினு கீது. கரண்டு மேல தப்புன்னா அதுவும்ல நின்னுபோய்க்கணும்?"

தலைவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். ஏகாம்பரம் அதோடு விட்டிருக்கலாம். விடவில்லை.

"சந்தேகம்னா வந்து பாருங்கய்யா. சார் வூட்டு இட்லி மாவே எங்க பொட்டிலதான் கீது. சார் பேரு வெட்டின தூக்கு. பேரு பின்பக்கமா திரும்பிகினு இருக்கும், சார் வூட்டம்மா அப்டிதான் வெச்சிட்டுப் போவாங்க."

மன்றமே சிரித்தது. கடைக்காரர் வக்கீலும் சிரித்தார். எனக்குக் காது மடல் வரை சூடு ஏறியது. அந்தச் சிரிப்பு அடங்கும்போது என் வழக்கு ஜெயித்துவிட்டிருந்தது. நான் டைப் அடித்த பக்கங்கள் எதுவும் ஜெயிக்கவில்லை, நான் மறைத்து வைக்கச் சொன்ன தூக்குதான் ஜெயித்தது. வெளியே வந்ததும் அவர், 'வாங்க சார், வண்டில போலாம்' என்றார். வேண்டாம், ரிட்டர்ன் டிக்கெட் இருக்கிறது என்றேன். இல்லாத டிக்கெட். வரிசையில் நின்று மறுபடி வாங்கிக்கொண்டு வந்தேன்.

நமக்கும் வேறு ஃப்ரிட்ஜ் வந்தது. மாவு நம் வீட்டுக்குத் திரும்பியது. நீ திரும்பவில்லை. மாவு இல்லாமலும் நீ அந்த வீட்டுக்குப் போய்க்கொண்டே இருந்தாய். அப்போதாவது எனக்குக் கலாவின் ஞாபகம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. பொறாமைக்காரனுக்கு எதிராளியைத் தவிர வேறு யாரும் கண்ணில் படமாட்டார்கள். அப்புறம் நீ பெங்களூர் போனாய், மெட்ராஸ் சென்னையாயிற்று, நம் மாவட்டத்தின் பெயரையும் மாற்றிவிட்டார்கள். எனக்கு ஏகாம்பரம்மேல் இருந்தது மட்டும் பெயர்கூட மாறவில்லை.

இப்போது போன ஞாயிற்றுக்கிழமை நடந்ததைச் சொல்கிறேன். இதை உன் மாமா உனக்குச் சொல்லியிருக்கமாட்டார். மத்தியானம் வந்தார். எப்போதும் கேட்டோடு பேசிப் போகிறவர், உள்ளே வந்து உட்கார்ந்தார். உன் அம்மா கொடுத்த காபியைக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தார்.

"சார், மாடி விஷயம். பையன் உங்களுக்கு எழுதினானா?"

"எழுதியிருக்கான்."

"உங்க பையனைப் பிரிச்சி இட்டுகினு போறேன்னு நெனச்சிக்காதீங்க. எம்பொண்ணுக்காகத்தான் கட்னேன். அவ போய்ட்டா எங்க வூட்ல யாருகீறா சொல்லுங்க. நானும் எம்பொண்டாட்டியும் ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாத்துகினு இருக்கணும். அதான்." டம்ளரைக் கையில் ஒரு சுற்றுச் சுற்றினார். பிறகு, "ஒண்ணு சொல்றேன், தப்பா எடுத்துக்காதீங்க. எனக்கு உங்க மேல எப்பவுமே வயித்தெரிச்சல் சார்," என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "என் மேலயா?"

"பின்ன? அன்னிக்கு உங்க கேஸ் கட்டை எடுத்துகினு செங்கல்பட்டு போனோமே. உங்க பையன் வண்டிக்குப் பின்னால குந்திகினு, போவசொல்லவும் உங்க பேச்சு, வரசொல்லவும் உங்க பேச்சு. எங்கப்பா எழுதியிருக்கிற இங்கிலீஷைப் பாருங்க மாமா, எங்கப்பா ஆபீஸ்ல ஒரு பைசா கைநீட்டி வாங்கமாட்டாரு மாமா, எங்கப்பா ரோஷக்காரரு, அவரு ஜெயிக்கணும் மாமா. எனக்குப் பத்திகினு வந்துச்சி. வண்டி என்னுது, பெட்ரோல் என்னுது, வடகறி என்னுது. பேச்சு மட்டும் உங்களுது. எம்பொண்ணு என்னைப் பத்தி யார்கிட்டனா அப்டிப் பேசுவாளான்னு நெனச்சிகினேன்." காபியை ஒரே மடக்கில் குடித்தார். "ஆறிப்போச்சி," என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார்.

சேகர், இதை ஏன்டா நீ என்னிடம் சொல்லவில்லை? ரோஷக்காரர் என்று சொன்னாயா? ஜெயிக்கணும் என்று சொன்னாயா? என் பிள்ளை என்னைப் பற்றி வழி நெடுக வாய் ஓயாமல் பேசியிருக்கிறான், அதைக் கேட்க என் காது அங்கே இல்லை, அவர் காதுதான் இருந்திருக்கிறது. சந்தோஷத்தில் எனக்கு நெஞ்சு விம்மியது. அடுத்த நிமிஷமே மறுபடியும் பொறாமை. நீ பேசியது என்னைப் பற்றி, கேட்டது அவர். அந்தப் பேச்சை இத்தனை வருஷம் தன்னிடமே வைத்திருந்தாரே அந்த மனிதர். அவர் ஒரு பக்கம் எரிந்திருக்கிறார், நான் ஒரு பக்கம் எரிந்திருக்கிறேன், நடுவில் நீ மோர் குடித்துக்கொண்டிருந்திருக்கிறாய்.

சரி, பதிலுக்கு வருகிறேன். மாடிக்குப் போ. நான் மனசாரச் சொல்கிறேன் என்று எழுதினால் நீ நம்பமாட்டாய், அதனால் அப்படி எழுதவில்லை. வயிறு எரியத்தான் சொல்கிறேன், ஆனால் போ. நீ அங்கே இருந்தால் என் ஜன்னலிலிருந்து பார்க்கலாம். கறிவேப்பிலைச் செடியை நான் வாசல் பக்கம் மாற்றி வைத்துக்கொள்கிறேன். எந்த வீட்டில் இருந்தாலும் நீ எனக்குப் பிள்ளைதான். இடம்தான் வேறு.

என் கோரிக்கை என்று ஒன்று இருக்கிறது. மாடிக்கு ஃப்ரிட்ஜ் தான் வாங்கித் தருவதாக உன் மாமா தெருவெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறார். வாங்கட்டும். அதில் நான் போட்டி போடவில்லை. ஆனால் அதில் ஒரு தட்டை எனக்கென்று காலியாக வை. நீங்கள் குடிபோகிற அன்றைக்கு உன் அம்மா மாவு அரைத்துக் கொடுப்பாள். அதே எவர்சில்வர் தூக்கில்தான். நானே மாடி ஏறிக் கொண்டுவந்து தருவேன். அதை முன்னால் வை. உன் மாமா பெண்ணைப் பார்க்க மாடிக்கு வருவார், வந்தால் குளிர்ந்த தண்ணீர் எடுக்கக் கதவைத் திறக்காமல் இருக்கமாட்டார். அப்போது என் பெயர் வெட்டிய பக்கம் அவரைப் பார்த்து இருக்கட்டும்.

உன் அப்பா